குருந்தம் சிவன்மலையில், பெரில் படியூரில்: மணிக்கல் உருவாவது எப்படி?

காங்கயம், வெள்ளகோவில், கரூர்ப் பக்கங்களில் கிணறு வெட்டும்போது நிறக்கல் ஒன்று கிடைத்துவிட்டால், அது அங்கே எப்படி வந்தது என்பதற்கு ஊரில் ஆளுக்கொரு விளக்கம் சொல்வார்கள். நாகம் கக்கியது என்பார் ஒருவர். இடி விழுந்த இடத்தில் விளைந்தது என்பார் இன்னொருவர். சற்றே படித்தவர், பல கோடி ஆண்டுகள் மண்ணுக்கடியில் அழுத்தம் பட்டுச் சாதாரணக் கல்லே மணிக்கல்லாக முற்றிவிட்டது என்பார். முதல் இரண்டையும் இன்று பெரும்பாலோர் நம்புவதில்லை. மூன்றாவதுதான் தொல்லை தருகிறது, ஏனெனில் அறிவியல் போலத் தோன்றும் அந்த விளக்கத்தைப் பள்ளிப்பிள்ளைகள்கூட அப்படியே ஒப்பிக்கிறார்கள்.

அழுத்தமும் காலமும் இருந்தால் போதுமென்றால், கொங்கு நாட்டில் வீட்டு அஸ்திவாரத்துக்குப் போடும் கருங்கல் அனைத்தும் மாணிக்கமாகியிருக்க வேண்டும். சேலம், நாமக்கல் பகுதிப் பாறைகளில் பெரும்பகுதி ஏறத்தாழ 250 கோடி ஆண்டுகள் பழையது; அவற்றுள் பல, தரைக்கு 25 கிலோமீட்டருக்கும் கீழே வெந்து பின் மேலே வந்தவை. ஆயினும் அவை கருங்கல்லாகத்தான் இருக்கின்றன.

காங்கயத்திலிருந்து திருப்பூர் செல்லும் சாலையில் முதலில் சிவன்மலை வரும். அதைத் தாண்டிச் சில கிலோமீட்டர் போனால் படியூர் வரும். ஆண்டவர் உத்தரவுப் பெட்டியால் பலரும் அறிந்த சிவன்மலையின் பாறையில் குருந்தம் கிடைக்கிறது. சிவப்பாகத் தெளிந்தால் மாணிக்கம் என்றும், நீலமாகத் தெளிந்தால் நீலக்கல் என்றும் நாம் அழைப்பது இந்தக் குருந்தத்தைத்தான். படியூரில் கிடைத்தது பெரில்; அதிலும் கடல்நீர் நிறத்தில் இருக்கும் அக்வாமரைன் என்ற வகை. இவ்வளவு அருகில் இருந்தும் இரண்டு ஊரும் ஒரே கல்லைத் தரவில்லை. ஏன் என்ற இந்தக் கேள்விக்கு விடை தெரிந்தால் மணிக்கல் உருவாகும் முறையில் பெரும்பகுதி விளங்கிவிடும்.

கனிமம், படிகம், பாறை

புதிதாக உடைத்த கருங்கல் ஜல்லி ஒன்றை வெயிலில் பிடித்துத் திருப்பிப் பாருங்கள். வெள்ளையாகவோ வெளிர்சிவப்பாகவோ, தட்டையான முகத்தோடு பளிச்சிடும் பகுதி ஃபெல்ஸ்பார். கண்ணாடிச் சில்லு மாதிரி, குறிப்பிட்ட முகம் ஏதுமின்றி உடைந்திருப்பது குவார்ட்ஸ். காட்டில் வெள்ளையாகக் கிடக்கும் வெங்கச்சங்கல்லும் இதேதான். நகத்தால் கீறினால் ஏடு ஏடாக உரிகிற கறுப்புத் துணுக்கு மைக்கா. சிறுவர்கள் காக்காப்பொன் என்று பொறுக்குவது இதன் வெளிறிய உறவு.

இவை ஒவ்வொன்றும் ஒரு கனிமம். குறிப்பிட்ட வேதிச் சேர்க்கையும் குறிப்பிட்ட அணு அடுக்கும் உடைய, இயற்கையில் உண்டான திண்பொருளே கனிமம். அந்த அணு அடுக்கு தடையின்றி வளர்ந்து, தனக்குரிய முகங்களோடு வெளித்தோன்றினால் அதைப் படிகம் என்கிறோம். பல கனிமங்கள் இறுகிச் சேர்ந்தது பாறை. மணிக்கல் என்பது தனியொரு பொருள் வகை அன்று; கனிமங்களுள் நிறமும் தெளிவும் கடினமும் ஒருசேர வாய்த்த சிலவற்றுக்கு மனிதர் கொடுத்த மதிப்புப் பெயர். எந்தக் கனிமத்திலும் மணித்தரம் மிகச் சிறுபங்குதான். மற்றதெல்லாம் மங்கலாகவோ விரிசலோடோ இருக்கும். நவரத்தினங்களில் முத்தும் பவளமும் கடலுயிர்கள் உண்டாக்குபவை என்பதால், இந்தக் கட்டுரை அவற்றைத் தொடவில்லை.

பாறை மூன்று வகைப்படும். உருகிய குழம்பு குளிர்ந்து இறுகியது தீப்பாறை. மணலும் சேறும் நீரில் கரைந்தவையும் படிந்து இறுகியது படிவுப்பாறை. ஏற்கெனவே இருந்த பாறை, உருகாமலேயே வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் வேறு கனிமங்களாக மாறினால் அது உருமாறிய பாறை. மூன்றிலும் மணிக்கல் உண்டாகும். ஆனால் எது எங்கே உண்டாகும் என்பது கைக்கு எட்டும் தனிமங்களைப் பொறுத்தது.

பாகும் படிகமும்

கவுந்தப்பாடிப் பக்கத்து ஆலைகளில் கரும்புப்பாலைக் காய்ச்சி, பாகு இறங்கியதும் விடாமல் கிளறித் தேய்ப்பார்கள். பொடிப்பொடியான நாட்டுச்சர்க்கரை கிடைக்கும். பனங்கற்கண்டு செய்பவரோ, பதநீர்ப் பாகைப் பானையில் ஊற்றி, உள்ளே நூலைக் கட்டி, வாரக்கணக்கில் அசைக்காமல் மூடி வைப்பார். நூலிலும் பானைச் சுவரிலும் கட்டி கட்டியாகப் படிகம் பிடித்திருக்கும். இரண்டிலும் இருப்பது ஏறத்தாழ ஒரே இனிப்புதான். படிகம் எத்தனை இடத்தில் பிறக்கிறது, பிறந்தது வளர எவ்வளவு இடமும் நேரமும் கிடைக்கிறது என்பதில்தான் வேறுபாடு. கவனிக்க வேண்டிய இன்னொன்றும் உண்டு. கற்கண்டு வளர வளர, அது தனக்கு வேண்டிய சர்க்கரையை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை ஒதுக்கிவிடுகிறது. கடைசியில் பானையிலிருந்து வடிக்கும் பாகில், கற்கண்டு ஏற்காத உப்புகளும் நிறப்பொருள்களும் செறிந்திருக்கும்.

பூமிக்கடியிலும் இப்படித்தான் நடக்கிறது. பாறை உருகிய குழம்பை மாக்மா என்பார்கள். மாக்மா ஒரே நொடியில் உறைவதில்லை. இரும்பும் மக்னீசியமும் மிகுந்த கனிமங்கள் அதிக வெப்பத்திலேயே படிகமாகி விலகும்; பிறகு ஃபெல்ஸ்பாரும் கடைசியில் குவார்ட்ஸும் வரும். புவியோட்டின் எடையில் முக்கால் பங்கு ஆக்சிஜனும் சிலிக்கானும்தான். அலுமினியம் சுமார் 8 விழுக்காடு. எனவே வரிசையாகப் பிறக்கும் கனிமங்களில் பெரும்பாலானவை இந்த மூன்றையும் வைத்தே கட்டப்படுகின்றன. இந்தக் கட்டுமானத்தில் இடம் கிடைக்காத அரிய தனிமங்கள், வடித்த பாகில் தங்குவதைப் போல, உறையாத மிச்சத்தில் சேர்ந்துகொண்டே போகும்.

படியூர்: மிச்சத்தில் விளைந்த கல்

பெரிலுக்கு இன்றியமையாத தனிமம் பெரிலியம். புவியோட்டில் பத்து லட்சத்தில் இரண்டு மூன்று பங்குதான் அது இருக்கிறது. அதன் அணு மிகச் சிறியது, மின்னேற்றமும் பொருந்தாது. அதனால் ஃபெல்ஸ்பாரும் மைக்காவும் அதை எளிதில் உள்ளே விடுவதில்லை. ஒரு பெரிய கிரானைட் மாக்மாவின் பெரும்பகுதி உறைந்த பின், எஞ்சிய சிறிதளவு குழம்பில் நீரும் போரானும் ஃபுளோரினும் லித்தியமும் பெரிலியமும் செறிந்துவிடுகின்றன. இந்த மிச்சம் சுற்றுப்பாறையின் வெடிப்புகளில் புகுந்து உறைந்தால் கிடைக்கும் பருபருத்த பாறைக்குப் பெக்மடைட் என்று பெயர். கிணற்றுச் சுவரில் கருங்கல்லைக் குறுக்கே வெட்டிக்கொண்டு ஒரு முழமோ இரண்டு முழமோ அகலத்தில் ஓடும் வெள்ளைப் பட்டையாக இது தெரியும். அதில் ஃபெல்ஸ்பார் கையளவு துண்டுகளாகவும், காக்காப்பொன் புத்தகம் அடுக்கியது போலத் தடித்த ஏடுகளாகவும் இருக்கும்.

கற்கண்டு உவமை இந்த இடத்தில் ஓரளவு தடம் புரள்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். பெக்மடைட்டின் பெரிய படிகங்களுக்கு மெதுவான குளிர்ச்சிதான் காரணம் என்று நெடுங்காலம் எழுதிவந்தார்கள். மெல்லிய பட்டை விரைவாகவே குளிர்ந்துவிடும் என்பதால் அந்த விளக்கம் இன்று முழுமையாக ஏற்கப்படுவதில்லை. நீரும் போரானும் ஃபுளோரினும் கலந்த குழம்பு மிக இளகலாக இருக்கும். அதில் படிகம் பிறக்கும் இடங்கள் குறைவு. பிறந்த சில படிகங்களை நோக்கித் தனிமங்கள் தடையின்றி ஓடி வந்து சேரும். ஆகவே கைத்தடிமன் உள்ள பெரில் படிகம் கோடிக்கணக்கான ஆண்டுகள் வளர்ந்தது என்று எண்ண வேண்டியதில்லை. பழையது என்பது வேறு, நீண்ட காலம் வளர்ந்தது என்பது வேறு. வளர்ந்து முடிந்த பிறகு எத்தனை கோடி ஆண்டு கிடந்தாலும் அதன் தரம் கூடுவதில்லை.

பெரில் என்பது பெரிலியம், அலுமினியம், சிலிக்கான், ஆக்சிஜன் ஆகிய நான்கும் சேர்ந்தது. தூய்மையாக இருந்தால் அது நிறமற்றது. சிறிதளவு இரும்பு கலந்தால் நீலப்பச்சையாகி அக்வாமரைன் ஆகும். அணு அடுக்கின் வடிவப்படியே அது அறுகோணத் தூணாக வளரும். கி.பி. 1ஆம் நூற்றாண்டில் எழுதிய ரோமானியர் பிளினி, பெரில் இந்தியாவிலிருந்து வருவதாகவும், பிற இடங்களில் கிடைப்பது அரிது என்றும் குறித்துவிட்டு, அதன் பக்கங்கள் இயற்கையாகவே அமைந்தவை என்று சிலர் கருதுவதையும் பதிவு செய்திருக்கிறார். அந்தச் சிலர் சொன்னது சரிதான். படியூர்ச் சுரங்கத்தில் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆங்கிலேயர் காலத்திலும் அக்வாமரைன் எடுத்தார்கள்.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துச் சொன்னால்: மாக்மா உறையும்போது பொதுவான கனிமங்கள் முதலில் பிரிகின்றன, இடம் கிடைக்காத அரிய தனிமங்கள் கடைசி மிச்சத்தில் செறிகின்றன, அந்த மிச்சம் பெக்மடைட்டாக உறையும்போது பெரில், டூர்மலின், புஷ்பராகம் போன்றவை உண்டாகின்றன.

சிவன்மலை: சிலிக்கா போதாத பாறை

குருந்தத்துக்கு அரிய தனிமம் எதுவுமே தேவையில்லை. அலுமினியமும் ஆக்சிஜனும் மட்டுமே சேர்ந்தது அது. இரண்டும் எங்கும் இருக்கும்போது குருந்தம் ஏன் எங்கும் கிடைப்பதில்லை?

காரணம், பெரும்பாலான பாறைகளில் சிலிக்கா, அதாவது சிலிக்கானும் ஆக்சிஜனும் சேர்ந்த பொருள், அலுமினியத்தைத் தனித்திருக்க விடுவதில்லை. சோடியமோ பொட்டாசியமோ கால்சியமோ உடனிருந்தால் ஃபெல்ஸ்பாராகக் கட்டிவிடும். இல்லையென்றால் மைக்கா, கார்னெட், சில்லிமனைட் என்று வேறு ஏதாவது கனிமத்தில் சேர்த்துவிடும். இப்படி எல்லா அலுமினியத்தையும் கட்டிய பிறகும் மீதமிருக்கும் சிலிக்காதான் குவார்ட்ஸாகத் தனித்து உறைகிறது. ஆகவே குவார்ட்ஸ் இருக்கும் பாறையில் குருந்தத்தைத் தேடுவது பெரும்பாலும் வீண்வேலை. வெங்கச்சங்கல் பட்டையை உடைத்து மாணிக்கம் தேடுகிறவர்களுக்கு இதை எடுத்துச் சொல்வது நல்லது.

சிவன்மலைப் பாறை இதற்கு நேர்மாறானது. சென்னை மாகாணத்து நிலவியல் ஆய்வில் புகழ்பெற்ற ஹாலண்ட், இந்த மலையின் பாறைத் தொகுதியை விரிவாக ஆய்ந்து 1901இல் வெளியிட்டார். இங்குள்ளது நெஃபெலின் சயனைட் என்னும் தீப்பாறை. அதன் மாக்மாவில் சிலிக்கா தட்டுப்பாடு. சோடியம் சேர்ந்த ஃபெல்ஸ்பாரைக் கட்ட, ஓர் அலுமினிய அணுவுக்கு மூன்று சிலிக்கான் அணுக்கள் வேண்டும். சிலிக்கான் போதாதபோது, ஒன்றுக்கு ஒன்று என்ற கணக்கில் சிக்கனமாகக் கட்டப்படும் கனிமம்தான் நெஃபெலின். அப்படிச் சிக்கனம் பார்த்தும், கட்டுவதற்குச் சோடியமும் பொட்டாசியமும் போதாமல் அலுமினியம் மிஞ்சிவிட்டால், அது வேறு வழியின்றி ஆக்சிஜனோடு மட்டும் சேர்ந்து குருந்தமாகப் படிகிறது.

வெளிர்நிற ஃபெல்ஸ்பார் நடுவே, ஆறு பக்கமுள்ள குட்டையான தூண் வடிவில் இந்தக் குருந்தம் புதைந்திருக்கும். கையில் எடுத்தால் அளவுக்கு மீறிய கனம் தெரியும். அதே அளவு குவார்ட்ஸைவிட ஒன்றரை மடங்கு எடை. பெரும்பாலும் ஒளி புகாத மங்கல் நிறம்தான். கடினத்தில் வைரத்துக்கு அடுத்த இடம் இதற்கு. ஆதலால் மங்கல் குருந்தமும் வீணாகவில்லை, பொடித்து அரக்கோடு சேர்த்துச் சாணைக்கல் ஆயிற்று. தெளிந்த சிறுபங்கில் குரோமியம் சிறிது கலந்தால் சிவந்து மாணிக்கமாகும். இரும்பும் டைட்டானியமும் சேர்ந்து கலந்தால் நீலக்கல்லாகும். நூற்றில் ஒரு பங்குக்கும் குறைவான கலப்புதான் விலையில் இத்தனை வேறுபாட்டை உண்டாக்குகிறது.

இப்போது சாலைக் கேள்விக்கு விடை சொல்லலாம். படியூர்ப் பெரில் உண்டாகச் சிலிக்கா தாராளமாக இருந்த கிரானைட்டின் மிச்சக் குழம்பு வேண்டியிருந்தது. சிவன்மலைக் குருந்தத்துக்குச் சிலிக்கா பற்றாத குழம்பு வேண்டியிருந்தது. ஒன்றுக்கு ஏற்ற சமையல் மற்றொன்றுக்கு ஏற்காது.

நாமக்கல் மாவட்டத்துச் சித்தம்பூண்டியிலும் குருந்தம் உண்டு. ஆனால் வேறு வகைப் பாறையில். அங்குள்ளது அனார்த்தசைட்; கால்சியம் மிகுந்த ஃபெல்ஸ்பாரே ஏறக்குறைய முழுப்பங்கும். அதிலும் சிலிக்கா குறைவு என்பதால் குருந்தம் தோன்ற இடம் கிடைத்தது. அதே தொகுதியில் குரோமியம் நிறைந்த குரோமைட் பட்டைகளும் இருப்பதால் குருந்தம் சில இடங்களில் இளஞ்சிவப்பாக இருக்கிறது. நிலவின் மேட்டுநிலப் பாறையும் அனார்த்தசைட் வகையே என்பதால், சந்திரயான் சோதனைகளுக்கான செயற்கை நிலவு மண்ணை இஸ்ரோ இந்தப் பகுதிக் கல்லிலிருந்துதான் தயாரித்தது.

இடைப்பாடி: இரண்டு பாறைகள் சந்தித்த எல்லை

மரகதமும் பெரில்தான். அதன் பச்சைக்குக் காரணம் குரோமியமோ வனேடியமோ. இங்கே ஒரு முரண் எழுகிறது. பெரிலியம் மாக்மாவின் கடைசி மிச்சத்தில் தங்குவது. குரோமியமோ முதலில் உறையும் கனிமங்களோடு போய்விடுவது. ஒரே குழம்பில் இரண்டும் சந்திக்கவே முடியாது. ஆகையால் இத்தகைய பாறைநாட்டில் மரகதம் வேண்டுமென்றால், குரோமியம் உள்ள பழைய கரும்பாறைக்குள் (கருங்கல் அன்று; மக்னீசியமும் இரும்பும் மிகுந்த பாறை) பெக்மடைட் குழம்பு புகுந்து, இரண்டும் ஒன்றோடொன்று வினைபுரிய வேண்டும்.

சேலம் மாவட்டத்தில் சங்ககிரி, இடைப்பாடி வட்டாரத்தில் 1990களின் நடுவில் மரகதம் கண்டறியப்பட்டபோது, அது இருந்த இடம் அப்படிப்பட்ட எல்லைதான். பெக்மடைட் பட்டை கரும்பாறையைத் தொடும் ஓரத்தில், பழுப்பு மைக்கா செறிந்த ஒரு படலத்துக்குள் பச்சைப் படிகங்கள் கிடைத்தன. பெக்மடைட்டின் நடுவிலும் மரகதம் இல்லை, கரும்பாறையின் நடுவிலும் இல்லை. பச்சையாக இருப்பதையெல்லாம் மரகதம் என்று விற்கிற வியாபாரத்தில் ஏமாறாமல் இருக்க, இந்த நுணுக்கம் ஓரளவு உதவும்: மரகதம் அரியது என்பதற்குப் பின்னால் இருப்பது இந்தச் சந்திப்பின் அருமைதான்.

உருகாமலே மாறும் பாறை

கொங்கு நாட்டின் பெரும்பரப்பு உருமாறிய பாறைதான். களிமண் படிந்த பழைய சேறு, நிலத்தட்டுகளின் மோதலில் ஆழத்துக்கு இறங்கி 700 பாகை செல்சியசைத் தாண்டிய வெப்பத்தில் கிடந்தால், அதிலுள்ள மைக்கா போன்றவை தம்முள் இருந்த நீரை இழந்து சிதைந்து, நீரில்லாத புதிய கனிமங்களாக அணுக்களை மாற்றி அடுக்கிக்கொள்ளும். பாறை திண்ணிலையிலேயே இருக்க, அணுக்கள் மட்டும் இடம் மாறும். இப்படித்தான் கார்னெட் பிறக்கிறது. பாறை முகத்தில் கருஞ்சிவப்புப் புள்ளிகளாக உருண்டை வடிவில் அது புடைத்து நிற்கும்; இதைக் கண்டு மாணிக்கம் என்று மயங்குவோர் இன்றும் உண்டு. அறுகோணத் தூணாக இல்லாமல் எல்லாப் பக்கமும் ஒத்த உருண்டையாக இருப்பதே கார்னெட்டின் எளிய அடையாளம்.

கரூர்ப் பகுதியில் கிடைக்கும் ஐயோலைட்டும் இந்த வகைப் பிறப்புடையது. கார்டியரைட் என்னும் கனிமத்தின் தெளிந்த வடிவம் அது. ஒரு திசையில் பார்த்தால் ஊதா கலந்த நீலமாகவும், கல்லைத் திருப்பினால் வெளிர்மஞ்சளாகவும் தெரியும். அணு அடுக்கு திசைக்குத் திசை ஒளியை வேறு வேறாக உறிஞ்சுவதே காரணம். நீலக்கல் என்று சொல்லி யாராவது நீட்டினால் கல்லை மெல்லத் திருப்பிப் பாருங்கள். நீலக்கல்லிலும் சாயல் சிறிது மாறும், ஆனால் நீலம் இவ்வளவு வெளுத்துப் போகாது.

அழுத்தத்தால் மணிக்கல் உண்டாகிறது என்ற பேச்சில் உண்மை கலந்திருப்பது இந்தப் பகுதியில்தான். ஆனால் இங்கும் அழுத்தமும் வெப்பமும் இருக்கிற தனிமங்களை மறுபடி அடுக்குகின்றனவே தவிர, இல்லாததைக் கொண்டுவருவதில்லை. அலுமினியம் மிகுந்த சேறு கார்னெட்டைத் தரும். சுண்ணாம்புப் படிவு பளிங்குச் சுண்ணாம்புக்கல்லாகும். மதுக்கரையில் சிமெண்டுக்காக வெட்டி எடுக்கும் கல் அப்படி மாறியதுதான். பர்மாவின் மோகோக்கில் உலகப் புகழ்பெற்ற மாணிக்கங்கள் இத்தகைய பளிங்குச் சுண்ணாம்புக்குள்தான் பிறந்தன; அங்கேயும் சிலிக்கா இல்லாமையே உதவியது. சுண்ணாம்போடு சிறிது களிமண்ணும் சேர்ந்து படிந்திருந்ததால் அலுமினியமும் குரோமியமும் கிடைத்தன.

சுருங்கச் சொன்னால், தீப்பாறையில் குழம்பின் சேர்க்கையும், உருமாறிய பாறையில் பழைய பாறையின் சேர்க்கையும் எந்தக் கல் பிறக்கும் என்பதை முடிவு செய்கின்றன. வெப்பமும் அழுத்தமும் எந்த அடுக்கு நிலைக்கும் என்பதை முடிவு செய்கின்றன.

காங்கயத்து நிலவுக்கல்

மெதுவான குளிர்ச்சி உண்மையாகவே அழகைத் தருவது ஒரு கல்லில். நிலவுக்கல் வெறும் ஃபெல்ஸ்பார். அதிக வெப்பத்தில் பொட்டாசியமும் சோடியமும் ஒரே அடுக்கில் கலந்து படிகமாகின்றன. குளிரக் குளிர அவை ஒன்றாக இருக்க இயலாமல், படிகத்துக்குள்ளேயே பொட்டாசிய ஃபெல்ஸ்பார் ஓர் ஏடு, சோடிய ஃபெல்ஸ்பார் ஓர் ஏடு என மாறி மாறிப் பிரிகின்றன. அந்த ஏடுகள் ஒளியின் அலைநீளத்தை ஒட்டிய அளவுக்கு மெல்லியவை. உள்ளே நுழையும் ஒளி அவற்றில் பட்டுச் சிதறி, மேற்பரப்புக்குக் கீழே வெண்நீல மினுக்கமாக மிதக்கிறது. வேகமாகக் குளிர்ந்திருந்தால் ஏடுகள் பிரிந்திரா. மிக மெதுவாகக் குளிர்ந்து ஏடுகள் தடித்துவிட்டாலும் மினுக்கம் போய் வெறும் வெள்ளைதான் நிற்கும்.

சுடுநீரின் வேலை

மாக்மா முழுதும் உறைந்த பின்னும் அதிலிருந்து பிரிந்த சுடுநீர் வெடிப்புகளில் ஓடிக்கொண்டிருக்கும். அழுத்தத்தின் கீழ் மிகச் சூடான நீர், குவார்ட்ஸையும் கரைக்க வல்லது. மேலேறிக் குளிரும்போது கரைந்தது வெடிப்புச் சுவர்களில் படியும். வெங்கச்சங்கல் பட்டைகளில் பல இப்படி வந்தவை. நடுவில் வெற்றிடம் எஞ்சியிருந்தால் பளிங்கு எனப்படும் தெளிந்த குவார்ட்ஸ் படிகங்கள் உள்நோக்கி வளரும். அதில் சிறிது இரும்பு இருந்தால் செவ்வந்திக்கல் என்னும் அமெதிஸ்ட் ஆகலாம்.

அமெதிஸ்ட்டின் ஊதா நிறம், காலம் நேரடியாக நிறம் தரும் அரிய நிகழ்வு என்பதைக் குறிப்பிட வேண்டும். இரும்பு கலந்த குவார்ட்ஸ் முதலில் ஏறக்குறைய நிறமற்றது. சுற்றுப்பாறையில் உள்ள பொட்டாசியம் போன்றவை வெளியிடும் இயற்கைக் கதிர்வீச்சு நெடுங்காலம் பட்டு இரும்பின் மின்னேற்றத்தை மாற்றிய பிறகே ஊதா தோன்றுகிறது. சூட்டடுப்பில் வைத்தால் அந்த நிறம் கலைந்து மஞ்சளாகிவிடும். சந்தையில் சிட்ரின் என்று விற்பதில் பெரும்பங்கு இப்படிச் சுட்ட அமெதிஸ்ட்டே.

சேலத்து வெள்ளைக்கல்லும், அதாவது மேக்னசைட்டும், நீரின் வேலைதான். மக்னீசியம் மிகுந்த கரும்பாறையின் வெடிப்புகளில் கரியமிலவாயு கலந்த நீர் புகுந்து வெள்ளை நரம்புகளாகப் படிந்தது அது. மணிக்கல்லாக அதற்கு மதிப்பு குறைவு, உலைச்செங்கல்லுக்குத்தான் மதிப்பு.

செம்மண்ணில் கிடைப்பது

மழை பெய்து ஓய்ந்தபின் செம்மண் காட்டில் கல் பொறுக்கும் வழக்கம் மூடநம்பிக்கை அன்று. வெயிலும் மழையும் பட்டு ஃபெல்ஸ்பார் களிமண்ணாகச் சிதைகிறது. இரும்புக் கனிமங்கள் துருவேறி மண்ணைச் சிவக்க வைக்கின்றன. குருந்தமும் கார்னெட்டும் பெரிலும் எளிதில் சிதைவதில்லை. கனமான குருந்தமும் கார்னெட்டும் ஓடைநீரில் அவ்வளவாக அடித்துச் செல்லப்படாமல் சரளைக்கு அடியில் தங்கிவிடும். மண் பிறப்பிடம் அன்று, பாறை கழிந்தபின் மிஞ்சிய இடம். அதனால்தான் ஒரு காட்டில் ஒரு கல் கிடைத்ததும் அந்த இடத்திலேயே ஆழத் தோண்டுவதைவிட, நீர் எந்த மேட்டிலிருந்து வடிகிறது என்று பார்ப்பது அறிவுடையது.

வைரத்துக்கு இங்கே தோண்ட வேண்டாம். அது 150 கிலோமீட்டருக்கும் கீழே கரி அணுக்களால் உண்டாகி, கிம்பர்லைட் என்னும் அரிய எரிமலைக் குழாய்ப் பாறையில் ஏறி வருவது. தென்னாட்டில் அதற்கு ஆந்திரத்து வஜ்ரகரூரைச் சொல்லலாம். நிலக்கரி அழுந்தி வைரமாகிறது என்பதும் தவறு. பெரும்பாலான வைரங்கள் நிலத்தில் மரம் செடி தோன்றுவதற்கு முன்பே உண்டானவை.

கொடுமணலின் மணிகள்

நொய்யலின் வடகரையில், சென்னிமலைக்கு மேற்கே உள்ள கொடுமணலில் 1980களிலிருந்து நடந்த அகழாய்வுகளில், சங்ககாலத்து மணித்தொழிற்கூடத்தின் சான்றுகள் கிடைத்தன. முழுமணிகளோடு பாதியில் விட்ட மணிகளும் உடைந்த சில்லுகளும் மூலக்கற்களும் கிடைத்ததால், அங்கேயே செய்தார்கள் என்பது உறுதியாயிற்று. இதுவரை சொன்ன பாறைக்கணக்கை வைத்து அந்தக் குவியலை இரண்டாகப் பிரிக்கலாம். பெரில், நீலக்கல், பளிங்கு (தெளிந்த குவார்ட்ஸ்) ஆகியவற்றுக்கு ஏற்ற பாறைகள் சுற்றுவட்டாரத்திலேயே உள்ளன. பெரிலுக்குப் படியூரையும் நீலக்கல்லுக்குச் சிவன்மலையையும் ஆய்வாளர்கள் சுட்டுகிறார்கள்.

அங்கே கிடைத்த சூதுபவளமும் (கடல் பவளம் அன்று; கார்னீலியன் என்னும் செந்நிறக் கல்) அகேட்டும் அப்படியல்ல. எரிமலைக் குழம்பு தரையில் பரவி உறைந்த பசால்ட் பாறையின் வாயுக்குமிழ் வெற்றிடங்களில், சிலிக்கா கலந்த நீர் இழை இழையாகப் படிந்து உண்டாகுபவை அவை. ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் தக்காணத்தில் பரவிய அந்தக் குழம்பு கொங்கு நாட்டை எட்டவில்லை. ஆகவே சூதுபவளத்தின் மூலக்கல் குஜராத், மராட்டியப் பக்கத்திலிருந்து வந்திருக்க வேண்டும். ஆழ்ந்த நீலமான லாபிஸ் லசூலி அதைவிடத் தொலைவானது. சுண்ணாம்புப் பாறை குறிப்பிட்ட சேர்க்கையில் உருமாறினால் மட்டுமே கிடைக்கும் அதற்கு, ஆப்கானிஸ்தானத்து பதக்‌ஷான்தான் பழங்கால உலகின் பெயர்பெற்ற மூலம்.

ஆனால் ஒரு பெரில் மணி படியூரைச் சேர்ந்ததா இலங்கையைச் சேர்ந்ததா என்று உறுதி செய்ய இந்தப் பாறைக்கணக்கு போதாது. பெக்மடைட் இரண்டு இடத்திலும் உண்டு. படிகம் வளர்ந்தபோது உள்ளே சிக்கிய திரவக் குமிழ்களையும், மிக நுண்ணளவில் கலந்த தனிமங்களையும் ஆய்வகத்தில் அளந்து, இரண்டு இடத்து மூலக்கற்களோடும் ஒப்பிட்டால்தான் அதைச் சொல்ல இயலும்.